மாயத்திரையில் மெய்யுரைத்தவர்

நாடகத்தை மேடையிலும் திரையரங்கிலும் கண்டு களித்து வந்த மக்கள், இருபதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் அதனைத் தம் வீட்டுக் கூடத்திலேயே அமர்ந்து காணத் தொடங்கினர். இம்மாறுதல் விரைந்து பரவிய நாடுகளுள் அமெரிக்கா ஒன்று. மேடை நாடகத்தை ஓரிரவில் சில நூறு பேர் காண்பர். தொலைக்காட்சி நாடகத்தையோ பல இலட்சம் பேர் கண்டனர். இத்துணைப் பெரிய அவையை அதற்கு முன் நாடக ஆசிரியர் எவரும் பெற்றதில்லை. ஆயினும், அவ்வவையில் பேசப் புகுந்த எழுத்தாளன் தன் நெஞ்சில் உள்ளதை உள்ளவாறே பேச இயலவில்லை. அவனுக்குக் குறுக்கே நின்றவர் அரசரும் அல்லர்; சமயத் தலைவரும் அல்லர்; சோப்பும் மோட்டார் வண்டியும் விற்கும் வணிகரே ஆவர். அவ்வணிகரோடு போராடித் தோற்று, தோற்ற இடத்திலேயே வேறொரு வழி கண்டவர் ராட் செர்லிங்.

செர்லிங் 1924 ஆம் ஆண்டு டிசம்பர்த் திங்கள் 25 ஆம் நாள், நியூயார்க் மாநிலத்தைச் சேர்ந்த சிரக்கூஸ் நகரில் ஒரு யூதக் குடும்பத்தில் பிறந்தார். அவர் சிறு குழந்தையாய் இருந்தபோதே அக்குடும்பம் அம்மாநிலத்தின் மற்றொரு நகரமாகிய பிங்காம்டனுக்குக் குடிபெயர்ந்தது. தந்தையார் சாமுவேல் அங்கு மளிகைக் கடை நடத்தினார். நாட்டை வாட்டிய பொருளாதார வீழ்ச்சியால் அக்கடை மூடப்படவே, இறைச்சி விற்கும் தொழிலை மேற்கொண்டார். செல்வம் மிகுதியாக இல்லையேனும் அன்பிற்குக் குறைவில்லாத இல்லம் அது. பிள்ளைகள் நாடகம் ஆடுவதற்கென வீட்டின் நிலவறையில் ஒரு சிறு மேடையைத் தந்தையாரே அமைத்துத் தந்தார். அண்டை வீட்டுச் சிறுவர் வந்தாலும் வாராவிடினும், இளைய மகனாகிய ராட் அம்மேடையில் நாடகம் ஆடுவான்.

அச்சிறுவனின் பேச்சு ஓயாதது. ஒருமுறை குடும்பத்தார் அனைவரும் பிங்காம்டனிலிருந்து சிரக்கூசுக்கு மோட்டார் வண்டியில் சென்றனர். இரண்டு மணி நேரப் பயணம். தாங்கள் ஒருவரும் வாய் திறவாதிருந்தால் பையன் அதனை உணர்கின்றானா என்று பார்க்கப் பெற்றோரும் தமையனும் தமக்குள் உடன்பாடு செய்துகொண்டனர். பையன் உணரவே இல்லை. ஊர் சேரும் வரையில் தானே பேசிக்கொண்டு சென்றான். பிங்காம்டனில் ஒரு பூங்கா உண்டு. அங்கே இசைக் குழுவினர் அமரும் மண்டபமும், மரக்குதிரைகள் பூட்டிய இராட்டினமும் இருந்தன. கோடை மாலைகளில் அவ்விராட்டினத்தில் ஏறிச் சுற்றிய இன்பம் செர்லிங்கின் நெஞ்சை விட்டு என்றும் நீங்கவில்லை.

1943 ஆம் ஆண்டில் உயர்நிலைப் பள்ளிப் படிப்பு முடிந்ததும் அவர் படையிற் சேர்ந்தார். இரண்டாம் உலகப் போர் கடுமையாக நடந்துகொண்டிருந்த காலம் அது. ஐந்தடி நான்கு அங்குல உயரமே உடைய அவ்விளைஞர், வானூர்தியிலிருந்து வான்குடை விரித்துக் குதிக்கும் படைப்பிரிவை விரும்பி ஏற்றார். படையினரின் குத்துச்சண்டைப் போட்டிகளிலும் கலந்துகொண்டு மூக்கு உடைபட்டார். இவ்வனுபவம் பின்னாளில் அவருடைய எழுத்திற்குப் பயன்பட்டது.

பிலிப்பைன்சுத் தீவுகளுக்கு அனுப்பப்பட்ட அவர், 1944 ஆம் ஆண்டின் இறுதியில் லெய்த்தே தீவின் காடுகளில் சப்பானியரை எதிர்த்துப் போரிட்டார். உணவின்றி வாடிய வீரர்களுக்கு வானூர்திகள் உணவுப் பெட்டிகளை மேலிருந்து எறிவது வழக்கம். ஒருநாள் செர்லிங்கின் நண்பர் ஒருவர் வேடிக்கையாகப் பேசித் தோழரைச் சிரிக்க வைத்துக்கொண்டிருந்தார். அவ்வேளையில் விழுந்த பெட்டி ஒன்று அவர்மேல் வீழ்ந்து அவர் உயிரைப் பறித்தது. பகைவரின் குண்டிற்குத் தப்பியவரை உயிர் காக்க வந்த உணவே கொன்றது. விதியின் இத்தகைய கோணல் செர்லிங் எழுதிய கதைகளில் மீண்டும் மீண்டும் தலைகாட்டுகிறது. அதன் வேர் அக்காட்டில் உள்ளது எனலாம். 1945 ஆம் ஆண்டில் மணிலா நகரை மீட்கும் போரிலும் அவர் பங்கு கொண்டார். காயமுற்றோர்க்கு வழங்கப்படும் பர்ப்பிள் ஹார்ட் என்னும் விழுப்புண் பதக்கம் அவருக்குக் கிடைத்தது. அவ்வாண்டிலேயே பிங்காம்டனில் தந்தையார் மாரடைப்பால் இறந்தார். கடல் கடந்த நாட்டில் இருந்த மகனால் இறுதிச் சடங்கிற்கும் வர முடியவில்லை. போர்க்களத்துக் காட்சிகள் கனவிற் புகுந்து அவரை வாழ்நாள் முழுவதும் வருத்தின.

போர் முடிந்து திரும்பியபின், ஒகையோ மாநிலத்திலுள்ள அந்தியோக் கல்லூரியிற் சேர்ந்தார். முதலில் உடற்பயிற்சிக் கல்வியைத் தேர்ந்தெடுத்தார். பின்னர் இலக்கியத்திற்கு மாறினார். மனத்தில் குமுறுவனவற்றை எழுதித் தீர்த்தாலன்றி அமைதி இல்லை என்று அவர் உணர்ந்ததே இம்மாற்றத்திற்குக் காரணம். உடன் பயின்ற கரோல் என்பாரை 1948 ஆம் ஆண்டில் மணந்தார். படிப்பிற்கும் குடும்பத்திற்கும் பொருள் வேண்டுமே! புதிதாக அமைத்த வான்குடைகளைக் குதித்துச் சோதிக்கும் இடர் மிகுந்த வேலையைக் கூலிக்குச் செய்தார். 1949 ஆம் ஆண்டில் ஒரு வானொலி நாடகப் போட்டியில் 500 டாலர் பரிசு பெற்றார்.

1950 ஆம் ஆண்டில் பட்டம் பெற்றுச் சின்சினாட்டி நகர வானொலி நிலையத்தில் எழுத்தாளராய் அமர்ந்தார். பகலில் நிலையத்திற்கு வேண்டிய விளம்பரங்களையும் அறிமுக உரைகளையும் எழுதுவார். இரவில் தமக்கென நாடகங்கள் எழுதுவார். அனுப்பிய நாடகங்கள் பல திரும்பி வந்தன. ஒரு கட்டத்தில், மாத ஊதியம் தரும் அவ்வேலையை விட்டுவிட்டு எழுத்தையே நம்பி வாழ்வதெனக் கணவனும் மனைவியும் துணிந்தனர். கைக்குழந்தையை வைத்துக்கொண்டு செய்த துணிவு அது.

மூன்று ஆண்டுகளுக்கு மேல் ஊர் பேர் தெரியாத எழுத்தாளராகவே உழைத்தார். பின்னர் ஓர் இரவில் எல்லாம் மாறியது. 1955 ஆம் ஆண்டு சனவரித் திங்கள் 12 ஆம் நாள், அவர் எழுதிய பேட்டர்ன்சு என்னும் நாடகம் ஒளிபரப்பாயிற்று. அஃது அவருடைய 72 ஆவது நாடகம் என்பர். ஒரு பெரிய வணிக நிறுவனத்தில் முதுமையுற்ற மேலாளர் ஒருவரை, அவரே மனம் நொந்து விலகும்படி முதலாளி நாள்தோறும் இழிவுபடுத்துகிறார். அவருடைய இடத்திற்கென அழைத்து வரப்பட்ட இளைஞரோ அம்முதியவர்பால் அன்பு கொள்கிறார். இதுவே கதை. அந்நாளில் நாடகங்களைப் பதிவு செய்து வைத்து ஒளிபரப்பும் முறை பரவவில்லை. நடிகர் நடிக்கும் அந்நேரத்திலேயே காட்சி வீடுகளை அடையும். நடிப்பு முடிந்தால் நாடகமும் மறையும். ஆயினும் இந்நாடகத்தை மீண்டும் காண விரும்பியோர் பலராதலின், அடுத்த திங்களிலேயே நடிகர்களைத் திரும்பக் கூட்டி மறுமுறையும் நடிக்கச் செய்தனர். முப்பது வயது எய்திய செர்லிங் நாடறிந்த எழுத்தாளரானார். மறு ஆண்டில் அவர் எழுதிய ரெக்வியம் ஃபார் எ ஹெவிவெயிட் என்னும் நாடகம், ஆற்றல் தளர்ந்து களத்தை விட்டு விலக்கப்பட்ட குத்துச்சண்டை வீரன் ஒருவனின் அவலத்தைச் சித்திரித்தது. மூக்கு உடைபட்ட படைவீரரன்றோ அதனை எழுதியவர்!

புகழ் வந்தது, உரிமை வரவில்லை. அக்காலத்தில் அமெரிக்கத் தொலைக்காட்சியின் நிலை இன்னது என்பதை ஈண்டு அறிதல் வேண்டும். ஒரு நாடக நிகழ்ச்சியின் முழுச் செலவையும் ஒரு வணிக நிறுவனமே ஏற்கும். ஆதலால் எழுத்துப் படி, நடிகர் கைக்குச் செல்லும் முன் விளம்பர அலுவலர் கைக்குச் செல்லும். தம் பொருளை வாங்குவோர் எவரும் முகம் சுளித்தல் கூடாது என்பதே அவர்தம் கவலை. குத்துச்சண்டை நாடகத்தில் ஒரு பாத்திரம் தீக்குச்சி கேட்கும் வரி நீக்கப்பட்டது. நிகழ்ச்சிக்குப் பணம் தந்தோருள் சிகரெட்டுப் பற்றவைக்கும் கருவி விற்பவரும் இருந்தமையே காரணம். வேறோர் ஆசிரியர் எழுதிய நாடகம் ஒன்று, நாசிகள் யூதரை நச்சுவாயுவால் கொன்ற கொடுமைக்கான விசாரணையைப் பற்றியது. 1959 ஆம் ஆண்டில் அதனை ஒளிபரப்பியபோது வாயு என்னும் சொல் ஒலியடக்கப்பட்டது. எரிவாயு நிறுவனங்களின் சங்கம் அந்நிகழ்ச்சியை ஆதரித்தது என்பதே காரணம்! இவை நகைப்பிற்குரியன. ஆனால் நகைக்க இயலாதன சிலவும் நிகழ்ந்தன.

1955 ஆம் ஆண்டு ஆகத்துத் திங்களில், சிக்காகோ நகரத்துக் கறுப்பினச் சிறுவன் எம்மெட் டில் தன் உறவினரைக் காண மிசிசிப்பி மாநிலத்திற்குச் சென்றான். அவனுக்கு வயது 14. வெள்ளையர் பெண்ணொருத்தியிடம் வரம்பு மீறிப் பேசினான் என்று பழி கூறி, அச்சிறுவனை வெள்ளையர் சிலர் இரவில் தூக்கிச் சென்று அடித்துக் கொன்றனர். வெள்ளையரே நிறைந்த நடுவர் குழு, ஒரு மணி நேரத்திற்குச் சற்று மேல் ஆராய்ந்து, குற்றம் சாட்டப்பட்ட இருவரையும் விடுதலை செய்தது. செர்லிங்கின் உள்ளம் கொதித்தது. ஓர் ஊரே கூடிக் கொலைகாரனைக் காத்து நிற்கும் கொடுமையை நாடகமாக்கத் துணிந்தார். கறுப்பினச் சிறுவனைப் பற்றியதாயின் ஒளிபரப்ப ஒருவரும் இசையார் என்பதை அறிந்திருந்தமையால், கொலையுண்டவனை ஒரு முதிய யூதனாக மாற்றியே எழுதினார். இருந்தும், இஃது எம்மெட் டில்லின் கதை என்னும் செய்தி பரவிற்று. தென்மாநில வெள்ளையர் அமைப்புகளிடமிருந்து எதிர்ப்பு மடல்கள் வந்து குவிந்தன. நிகழ்ச்சிக்குப் பணம் தந்த நிறுவனம் அஞ்சியது. கதை நிகழும் இடம் தெற்கிலிருந்து வடகிழக்கு மாநிலங்களுக்கு மாற்றப்பட்டது. கொலையுண்டவன் யாரோ ஓர் அயலானாக ஆக்கப்பட்டான். தெற்கை நினைவூட்டும் என அஞ்சிக் காட்சியரங்கில் கோக்கோகோலாப் புட்டிகளையும் எடுத்துவிட்டனர். 1956 ஆம் ஆண்டு ஏப்பிரலில் ஒளிபரப்பான அந்நாடகத்தில் செர்லிங் சொல்ல விரும்பியது ஒன்றேனும் எஞ்சவில்லை.

இரண்டு ஆண்டுகள் கழித்து மீண்டும் முயன்றார். இம்முறை கதை பத்தொன்பதாம் நூற்றாண்டிற்கும், கறுப்பினச் சிறுவன் மெக்சிக்க இளைஞனாகவும் மாறினர். அமெரிக்க ஆட்சி மன்றத்தைப் பற்றியும் ஒரு நாடகம் எழுதினார். அதில் வரும் மன்ற உறுப்பினர் எவரும் நடப்பு அரசியல் பற்றி ஒரு சொல்லும் பேசலாகாது என்று தடுத்தனர். அரசியல் பேசாத அரசியல் நாடகம் எவ்வாறு இருந்திருக்கும்! அக்கதையை நூறு ஆண்டுகளுக்குப் பின் நிகழ்வதாக எழுதி, மன்றத்தை இயந்திர மனிதரால் நிரப்பியிருந்தால் ஒருவரும் தடுத்திருக்கமாட்டார் என்று செர்லிங் பின்னர் மனம் கசந்து கூறினார். கசப்பிற் பிறந்த அச்சொல்லிலேயே அவர் தேடிய வழி இருந்தது.

1959 ஆம் ஆண்டு அக்டோபர்த் திங்கள் 2 ஆம் நாள், சி.பி.எஸ். நிலையத்தில் ட்விலைட் சோன் என்னும் தொடர் தொடங்கியது. பகலும் அன்று, இரவும் அன்று எனும்படியான அந்திப் பொழுதின் எல்லை என்பது அப்பெயரின் கருத்து. வேற்றுலகத்தார், காலத்தைக் கடந்து செல்வோர், பேசும் பதுமைகள் எனக் கற்பனை மிகுந்த கதைகள் அதில் இடம்பெற்றன. தொடர் தொடங்கும் முன் செர்லிங்கைப் பேட்டி கண்ட மைக் வாலசு என்னும் செய்தியாளர், இனித் தொலைக்காட்சியில் சிறப்புடையது எதனையும் எழுதும் எண்ணத்தை அவர் கைவிட்டுவிட்டாரோ என்று வினவினார். செர்லிங் அதனை வன்மையாக மறுக்கவில்லை. சண்டையிட்டுச் சலித்துவிட்டதாகவே விடை பகர்ந்தார். எழுதி முடித்த 18 நாடகங்களில் ஒரே ஒரு வரிதான் மாற்றப்பட்டது என்றும் கூறினார். ஆங்கிலேயக் கப்பலில் ஒரு மாலுமி தேநீர் கேட்கிறான்; பணம் தந்தவரோ காப்பித்தூள் விற்பவர்!

அவர் உண்மையாகவே சலித்திருந்தாரா, விளம்பர அலுவலரின் கண்ணில் மண்ணைத் தூவினாரா என்பதை அறுதியிட்டுக் கூறுதல் அரிது. இரண்டும் கலந்திருந்தன என்றே தோன்றுகிறது. எவ்வாறாயினும், 1960 ஆம் ஆண்டு மார்ச்சுத் திங்களில் வந்த ஒரு கதையைக் காண்போம். மேப்பிள் தெரு என்பது அமைதியான குடியிருப்பு. ஒரு மாலையில் வானில் ஒளி ஒன்று மின்னி மறைகிறது. உடனே மின்விளக்குகள் அவிகின்றன. வண்டிகள் ஓடாமல் நிற்கின்றன. வேற்றுலகத்தார் மனித உருவில் குடும்பமாக வந்து தங்குவர் என்று தான் படித்த கதையை ஒரு சிறுவன் சொல்கிறான். அவ்வளவே. நெடுநாள் அண்டை வீட்டாராய் வாழ்ந்தோர் ஒருவரையொருவர் ஐயுறுகின்றனர். ஒருவனுடைய வண்டி தானே இயங்கிற்று, அது குற்றம். அவனே உறக்கமின்றி நள்ளிரவில் வானத்தை நோக்கி நின்றான், அதுவும் குற்றம். அடுத்த தெருவிற்குச் சென்று நிலைமை அறிந்து இருளில் திரும்பி வந்த அண்டை வீட்டானையே சுட்டுக் கொல்கின்றனர். இறுதியில் கல்லெறியும் கூக்குரலும் தெருவை நிறைக்கின்றன. மின்சாரத்தை நிறுத்தி விளையாடிய வேற்றுலகத்தார் இருவர் குன்றின்மேல் நின்று இவற்றையெல்லாம் அமைதியாகப் பார்த்துக்கொண்டிருக்கின்றனர்.

பொதுவுடைமையர் என்ற ஐயத்தின் பேரில் மக்கள் தம் அண்டை வீட்டாரையும் உடன் பணியாற்றுவோரையும் வெறுத்து ஒதுக்கிய ஆண்டுகளை அமெரிக்கா அப்போதுதான் கடந்திருந்தது. கூட்டமாய்க் கூடிக் குற்றமற்றவனைக் கொல்லும் கொடுமையே எம்மெட் டில் கதையின் கருவும் ஆகும். பணம் தந்த வணிகர் இக்கதையை வேற்றுலகத்தார் கதை என்று கொண்டனர், மாற்றம் வேண்டவில்லை. 1961 ஆம் ஆண்டில், யூதரைக் கொன்று குவித்த நாசி அதிகாரி ஐக்மன்மீது எருசலேமில் வழக்கு நடந்துகொண்டிருந்தபோது, செர்லிங் மற்றொரு கதை எழுதினார். அதில், டாக்கவு சிறை முகாமின் பழைய தலைவன் ஒருவன் தன் கொடுஞ்செயல்களை நினைந்து மகிழ அங்கே திரும்பி வருகிறான்; அவனால் கொல்லப்பட்டோரின் ஆவிகள் கூடி அவனை விசாரிக்கின்றன.

எல்லாம் இத்தகைய கடுமையான கதைகளே என்று எண்ணுதல் பிழையாகும். முதலாண்டில் வந்த வாக்கிங் டிஸ்டன்சு என்னும் கதை மிக மென்மையானது. நகர வாழ்க்கையில் களைத்த விளம்பரத் தொழிலர் ஒருவர் தம் சொந்த ஊருக்கு நடந்து செல்கிறார். அங்கே காலம் பின்னோக்கிச் சென்றிருக்கிறது. தம்மையே சிறுவனாகக் காண்கிறார். இறந்துபோன தந்தையை உயிரோடு காண்கிறார். இசை மண்டபமும் மரக்குதிரை இராட்டினமும் அங்கு உள்ளன. இந்தக் கோடை அச்சிறுவனுக்கு உரியது; நீ உன் காலத்திற்குத் திரும்பிப் போ என்னும் கருத்துப்படத் தந்தை அவரை அன்போடு அனுப்பி வைக்கிறார். தந்தையின் இறுதிச் சடங்கிற்கு வர இயலாத மகன் எழுதிய கதை என்பதை அறிந்தோர்க்கு இஃது இருமடங்கு உருக்கம் தரும்.

இத்தொடருக்குச் செர்லிங் எழுத்தாளர் மட்டும் அல்லர், தயாரிப்பாளரும் அவரே. தாம் கோடையைக் கழித்த கயூகா ஏரியின் பெயரையே தம் நிறுவனத்திற்குச் சூட்டினார். எழுதியவன் தன் எழுத்தைத் தானே காக்க வேண்டுமாயின் தயாரிக்கும் உரிமையும் அவன் கையில் இருத்தல் வேண்டும் என்பதைப் பட்டறிந்து கொண்டார் போலும். ரிச்சர்டு மாத்தசன், சார்லசு போமான்ட் போன்ற ஆற்றல் மிக்க எழுத்தாளரையும் சேர்த்துக்கொண்டார். 1964 ஆம் ஆண்டு வரை வந்த 156 கதைகளுள் 92 அவர் எழுதியவை. விரைவு கருதிக் கதைகளை ஒலிப்பதிவுக் கருவியிற் சொல்லிப் பிறரைக் கொண்டு எழுதச் செய்தார். ஒவ்வொரு கதையின் முன்னும் பின்னும் அவரே பேசினார். முதலில் குரலாகவும், பின்னர்க் கரிய உடையும் கையில் சிகரெட்டுமாக நேரிலும் தோன்றினார். அத்துணை விரைவில் எழுதியவற்றுள் சில தளர்ந்தே காணப்படுகின்றன. இதனை அவரும் உணர்ந்திருந்தார். தொடர் முடிந்தபின் அதில் தமக்கிருந்த பங்கைச் சி.பி.எஸ். நிறுவனத்திற்கே விற்றுவிட்டார். அதனைத் திரும்பத் திரும்ப ஒளிபரப்பி வந்த பெரும்பொருளில் அவருக்குப் பங்கு இல்லாமற் போயிற்று.

திரைப்படத்திலும் அவர் பணியாற்றினார். படைத்தலைவர் சிலர் அமெரிக்க அரசைக் கவிழ்க்கச் சூழ்ச்சி செய்வதைக் கூறும் செவன் டேசு இன் மே 1964 ஆம் ஆண்டில் வெளிவந்தது. 1968 ஆம் ஆண்டில் வெளிவந்த பிளானெட் ஆஃப் தி ஏப்சு படத்தின் திரைக்கதையை மைக்கேல் வில்சனுடன் சேர்ந்து எழுதியவராக அவர் பெயர் உள்ளது.

எழுத்து நன்மை பயப்பது போலவே தீமையும் பயக்கும் என்பதை அவர் 1966 ஆம் ஆண்டில் உணர நேர்ந்தது. அவ்வாண்டு டிசம்பரில் அவர் எழுதிய தி டூம்சுடே ஃபிளைட் என்னும் தொலைக்காட்சிப் படத்தில், வானூர்தியில் குண்டு வைத்துவிட்டதாக ஒருவன் மிரட்டிப் பணம் கேட்கிறான். படம் வெளியானதும் வானூர்தி நிறுவனங்களுக்கு அத்தகைய மிரட்டல்கள் பல வந்தன. 1971 ஆம் ஆண்டில் ஆத்திரேலியாவின் குவாண்டாசு நிறுவனத்தை ஒருவன் அப்படத்தில் கண்டவாறே ஏமாற்றிப் பெரும்பொருள் கவர்ந்தான். அக்கதையை எழுதாதிருந்திருக்கலாம் என்று செர்லிங் பலர் அறிய வருந்தினார். பழியைப் பிறர்மேல் போடவில்லை.

இறுதி ஆண்டுகள் அவருக்கு இனியனவாக இல்லை. நைட் கேலரி என்னும் தொடரில் தோன்றிக் கதைகளை அறிமுகம் செய்தார். ஆனால் தயாரிப்பாளர் உரிமை அவர் கையில் இல்லை. அவர் எழுதிய கதைகள் சில ஒதுக்கப்பட்டன. அவருக்கு உடன்பாடு இல்லாதவை அவர் முகத்தோடு ஒளிபரப்பாயின. எவ்வணிகரோடு ஒரு காலத்தில் போராடினாரோ அவ்வணிகரின் பொருள்களுக்கு விளம்பரம் பேசவும் செய்தார். அவரை நேசிப்போர்க்கும் இது சற்று உறுத்தவே செய்யும். அவருக்கு மனநிறைவு தந்தது கற்பித்தற் பணி. இதாக்கா நகரக் கல்லூரியில் மாணவர்க்கு நாடக எழுத்தைப் பயிற்றினார். தம்முடைய பழைய நாடகங்களைத் திரையிட்டு, அவற்றின் குறைகளை மாணவர் முன்னிலையில் தாமே எடுத்துக் கூறினார்.

ஓயாத உழைப்பும் ஓயாத புகைப்பழக்கமும் உடலைக் கெடுத்தன. 1975 ஆம் ஆண்டு மே மாதத்தில் மாரடைப்பு நேர்ந்தது. ராச்செசுட்டர் நகர மருத்துவமனையில் இதய அறுவை மருத்துவம் செய்தும் பயனின்றிச் சூன் திங்கள் 28 ஆம் நாள் உயிர் நீத்தார். வயது 50. ஆறு எம்மி விருதுகள் பெற்ற அவர், கயூகா ஏரியை அடுத்த இன்டர்லாக்கன் என்னும் சிற்றூரில் அடக்கம் செய்யப்பட்டார். தரையோடு தரையாகப் பதித்த எளிய கல் ஒன்றே அங்கு உள்ளது. அதில் அவருடைய பெயரும், படையில் அவர் வகித்த பதவியும், இரண்டாம் உலகப் போர் என்னும் சொற்களும், பிறந்த நாளும் இறந்த நாளும் பொறிக்கப்பட்டுள்ளன.